நாக்கும் அதிர்வும்: போகிற வழியில் எழுதிய குறிப்புகள்

திங்கள், புறப்படும் முன்

அதிர்சுவையியல் என்று ஒரு துறையை நானாகக் கற்பனை செய்துகொண்டிருக்கிறேன். உடம்பும் வாயும் அதிரும்போது சுவைக்கு என்ன ஆகிறது என்பதை மட்டும் கேட்கிற படிப்பு. இந்தப் பெயரில் பாடநூல் கிடையாது, பட்டமும் கிடையாது. ஆனால் அதற்கு வேண்டிய துண்டுகள் பல ஆய்வகங்களில் தனித்தனியாகக் கிடக்கின்றன. அவற்றை ஒரே பைக்குள் போட்டுக்கொண்டு ரயில், கப்பல், பேருந்து, விமானம் என்று நாலிலும் ஏறி இறங்கிப் பார்ப்பதுதான் இந்தப் பயணம். போகப் போக அன்றன்றைய குறிப்பைப் பதிவிடுகிறேன்.

ஏற்கெனவே தெரிந்தவற்றில் பெரும்பகுதி காது சம்பந்தப்பட்டது. 2004இல் ஆக்ஸ்ஃபோர்டில் மாசிமிலியானோ சாம்பினியும் சார்லஸ் ஸ்பென்ஸும் ஓர் ஆய்வு செய்தார்கள். உருளைக்கிழங்கு சிப்ஸைக் கடிக்கச் சொல்லி, கடிக்கும் சத்தத்தை மைக்கில் பிடித்து, ஹெட்போன் வழியாகக் கடிப்பவரின் காதுக்கே திருப்பி அனுப்பினார்கள். சத்தத்தைக் கூட்டினாலோ, அதிலுள்ள கீச்சென்ற உயர் அதிர்வெண்களை மட்டும் தூக்கிவிட்டாலோ, அதே சிப்ஸ் இன்னும் மொறுமொறுப்பாகவும் புதிதாகவும் தெரிந்தது. அதற்கு 2008இல் இக் நோபல் பரிசு கிடைத்தது. சிரிக்க வைத்துப் பிறகு யோசிக்க வைப்பதற்கான பரிசு அது. எனக்கு யோசனைதான் முதலில் வந்தது. வாய்க்குள் நடக்கிற ஒன்றைக் காது இந்த அளவுக்குத் திருத்தி எழுதுகிறது என்றால், உடம்பு முழுக்கக் குலுங்கும்போது நாக்கு சும்மாவா இருக்கும்?

இங்கே ஒரு சிக்கல். ஓடுகிற வண்டியில் சத்தமும் குலுக்கலும் சேர்ந்தேதான் வரும். விமானத்தில் சாப்பாடு சப்பென்று இருக்கிறது என்று சொல்பவர்கள், காரணம் இரைச்சலா, நடுக்கமா, காற்றழுத்தமா, வறண்ட காற்றா என்று பிரித்துச் சொல்வதில்லை. நான் கற்பனை செய்யும் துறையின் முதல் வேலை இதுதான்: காதுக்குப் போவதைத் தனியாகவும் உடம்புக்குப் போவதைத் தனியாகவும் பிரிப்பது. அது முடியாமல் அடுத்த அடி வைக்க முடியாது.

கூட வருவது தங்கை. கலப்பது, ஊற்றுவது, கேள்வி கேட்பது எல்லாம் அவள் பொறுப்பு. எந்தப் புட்டியில் எது இருக்கிறது என்று எனக்குத் தெரியக் கூடாது. சர்க்கரைத் தண்ணீர், உப்புத் தண்ணீர், எலுமிச்சைத் தண்ணீர், ஆறின கருங்காப்பி, மோனோசோடியம் குளூட்டமேட் கரைத்த தண்ணீர் என்று ஐந்து அடிப்படைச் சுவைக்கும் ஒவ்வொன்று. ஐந்தாவதுதான் உமாமி. 1908இல் கிகுனே இகேடா என்ற ஜப்பானிய வேதியியலாளர் கடற்பாசிச் சாற்றிலிருந்து பிரித்துப் பெயர் வைத்த சுவை. சர்க்கரைத் தண்ணீரில் மட்டும் இரண்டு ரகம்: லிட்டருக்கு 20 கிராம், லிட்டருக்கு 25 கிராம். இரண்டையும் அடுத்தடுத்துக் கொடுத்து "எது அதிக இனிப்பு?" என்று அவள் கேட்பாள். அமைதியான அறையில் இந்த வித்தியாசம் எனக்குப் பிடிபடுகிறது, ஆனால் கவனித்தால்தான். சோதனைக்கு அப்படிப்பட்ட நுனிதான் வேண்டும்.

எல்லாப் புட்டிகளையும் ஒரே துணியில் சுற்றி ஒரே பையில் வைத்திருக்கிறோம். வெப்பநிலை மாறினால் இனிப்பே மாறிவிடும். சுவை செல்களில் இருக்கும் டி.ஆர்.பி.எம்.5 என்ற அயனி வாயில் (செல்லின் சுவரில் திறந்து மூடுகிற நுண்துளை) 15 டிகிரியிலிருந்து 35 டிகிரிக்குச் சூடாகும்போது இன்னும் நன்றாகத் திறக்கிறது என்று 2005இல் காட்டியிருக்கிறார்கள். ஐஸ்கிரீம் உருகினால் திகட்டுவது இதனால்தான். சூட்டின் வேலையை அதிர்வின் கணக்கில் எழுதிவிடக் கூடாது.

செவ்வாய், ரயில்

பழைய பாதைகளில் தண்டவாளத் துண்டுகளுக்கு இடையே சின்ன இடைவெளி விடுவார்கள். துண்டு 13 மீட்டர், வேகம் மணிக்கு 72 கிலோமீட்டர் என்றால், ஒரு சக்கரம் விநாடிக்கு ஒன்றரை முறை இணைப்பைத் தாண்டும். அந்தத் தடக் தடக்தான் ரயில் சத்தமாக நம் மனதில் பதிந்திருக்கிறது. இன்றைக்குப் பல பாதைகளில் தண்டவாளத்தை நீளமாகப் பற்றவைத்துவிடுகிறார்கள், அதனால் அந்தத் தாளம் குறைந்துவிட்டது. நாங்கள் வந்த பாதையில் பாதித் தூரம் அப்படி, பாதித் தூரம் இப்படி. சோதனைக்கு இது நல்ல வசதி.

போனில் ஃபைஃபாக்ஸ் என்ற செயலியைப் போட்டிருக்கிறேன். ஜெர்மனியின் ஆகன் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் மாணவர்களுக்காக உருவாக்கியது. போனுக்குள் இருக்கும் முடுக்கமானியின் அளவுகளை எடுத்து, எந்த அதிர்வெண் எவ்வளவு இருக்கிறது என்று வரைபடமாகக் காட்டும். இருக்கையில் வைத்தால் ஒரு படம், ஜன்னலோர மேசையில் வைத்தால் வேறு படம். இருக்கையின் பஞ்சு வேகமான அதிர்வுகளை விழுங்கிவிடுகிறது. மெதுவாக ஆடுவது மட்டும் மேலே வருகிறது.

காலையில் ஒரு சிக்னலில் வண்டி நின்றது. அப்போது மேசை மேலிருந்த கருங்காப்பியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஓடும்போது காப்பி மொத்தமாகச் சாய்ந்து சாய்ந்து ஆடியது. நின்றதும் அந்த ஆட்டம் அடங்கி, அடியில் ஓடிக்கொண்டிருந்த ஏதோ இயந்திரத்தின் அதிர்வு மட்டும் மிஞ்சியது. காகிதக் கோப்பையின் விளிம்பிலிருந்து நடுவுக்கு மெல்லிய வளையங்கள் வந்துகொண்டே இருந்தன. விளிம்பை விரலால் அழுத்தினேன், வளையங்கள் கலைந்தன. எடுத்தேன், திரும்ப வந்தன. திரவத்தை மேலும் கீழும் ஆட்டினால், மேற்பரப்பில் அதில் பாதி அதிர்வெண்ணில் நிலை அலைகள் எழலாம் என்று மைக்கேல் ஃபாரடே 1831இல் எழுதியிருக்கிறார். கோப்பையில் நடப்பது நாக்கின் மேல் தேங்கியிருக்கும் எச்சில் படலத்திலும் நடக்குமா? கேள்வி வீண் இல்லை. சுவைப் பொருள் சுவை மொட்டின் வாய்க்குள் போக எச்சிலைத் தாண்டித்தான் போக வேண்டும். அந்தப் படலம் கலங்கினால் பொருள் சீக்கிரம் போய்ச் சேரும்.

சோதனைக்கு வருகிறேன். வண்டி நல்ல வேகத்தில் இருக்கும்போது தங்கை இரண்டு மூடி நிறைய ஊற்றிக் கொடுத்தாள்.

"அக்கா, முதல்ல இது. கொப்பளிக்காம அப்படியே நாக்குல வச்சிரு."

வைத்திருந்தேன். "இப்ப இது."

இரண்டும் ஒன்று போலவே இருந்தன. வீட்டில் பிடிபட்ட வித்தியாசம் இங்கே பிடிபடவில்லை. காதில் பஞ்சு அடைப்பான் வைத்துக்கொண்டு மறுபடி பார்த்தபோது வித்தியாசம் தெரிந்தது. அப்படியானால் காதுதான் குற்றவாளி என்று முடிவு கட்டிவிடலாமா? கூடாது. அடைப்பான் வைத்ததும் கவனமும் உள்ளே திரும்பிவிடுகிறது. விழுங்கும் சத்தம் தலைக்குள் பெரிதாகக் கேட்கிறது. காதை அடைத்தால் எலும்பு வழியாக வரும் நம் சொந்தச் சத்தம் கூடும் என்பது எல்லாருக்கும் தெரிந்த விஷயம். ஆக, வெளிச் சத்தத்தைக் குறைக்கும் அதே அடைப்பான் உள் சத்தத்தைக் கூட்டுகிறது.

ஒரு பெரிய இரும்புப் பாலத்தில் ஏறியபோது இரைச்சல் சட்டென்று கூடியது. போன் காட்டிய குலுக்கலில் அவ்வளவு மாற்றம் இல்லை. நாக்கில் வைத்திருந்த சர்க்கரைத் தண்ணீர் அந்த நேரத்தில் மங்கியது போலப் பட்டது. பாலம் முடிவதற்குள் சோதனையைத் திருப்பிச் செய்ய நேரம் இல்லை. குறிப்பேட்டில் எழுதி, பக்கத்தில் கேள்விக்குறி போட்டிருக்கிறேன்.

புதன், துறைமுக ஊர்

இன்று பயணம் இல்லை, கப்பல் நாளைக்கு. நேற்றைய பதிவைப் படித்தவர்கள் இரண்டு கேள்வி கேட்டிருந்தார்கள்.

ஒன்று: காதுக்கும் நாக்குக்கும் நேரடித் தொடர்பு உண்டா? உண்டு, அதுவும் தொட்டுவிடும் தூரத்தில். நாக்கின் முன் மூன்றில் இரண்டு பங்கின் சுவையைக் கொண்டுபோவது கார்டா டிம்பானி என்ற நரம்பு. முக நரம்பின் கிளை. அது நாக்கிலிருந்து மூளைக்குப் போகும் வழியில் நடுக்காதுக்குள் நுழைகிறது. செவிப்பறைக்குப் பின்னால், சுத்தி எலும்புக்கும் பட்டடை எலும்புக்கும் நடுவே குறுக்காகப் போய் வெளியேறுகிறது. காது அறுவைச் சிகிச்சையில் இந்த நரம்பு இழுபட்டாலோ அறுபட்டாலோ, சிலருக்கு வாயில் உலோகச் சுவை வரும், சிலருக்குச் சுவை குறையும். சத்தம் வரும்போதெல்லாம் ஆடுகிற எலும்புகளுக்கு நடுவே சுவையின் கம்பி ஓடுகிறது! இதைப் படித்த நாளில்தான் எனக்கு இந்தத் துறையின் மேல் பித்துப் பிடித்தது. இன்றும் விடவில்லை. ஆனால் அருகே ஓடுவதால் மட்டுமே அதிர்வு அந்த நரம்பின் செய்தியை மாற்றுகிறது என்று ஆகிவிடாது. அது சோதிக்க வேண்டிய சங்கதி.

இரண்டாவது கேள்வி: "மூலக்கூறுகளின் அதிர்வைத்தான் மூக்கு மணமாக உணர்கிறது என்கிறார்களே, அதுவும் இதில் சேருமா?" சேராது. 1996இல் லூகா டூரின் முன்வைத்த கொள்கை அது. மூலக்கூறின் உருவத்தை விட அதன் உள் அதிர்வைத்தான் மூக்கு அறிகிறது என்பது அவர் வாதம். அங்கே பேசப்படும் அதிர்வு விநாடிக்குப் பத்து லட்சம் கோடி முறைக்கும் மேல், அகச்சிவப்பு ஒளியின் வட்டாரம். 2004இல் ஆண்ட்ரியாஸ் கெல்லரும் லெஸ்லி வோஷலும் மனிதர்களை வைத்துச் சோதித்தபோது, உருவம் ஒன்றாகவும் அதிர்வு வேறாகவும் இருந்த இரண்டு பொருள்களை மணத்தால் பிரிக்க அவர்களால் முடியவில்லை. பெரும்பாலான ஆய்வாளர்கள் அந்தக் கொள்கையை ஏற்கவில்லை. எப்படியானாலும், பேருந்து இன்ஜினின் 30 ஹெர்ட்ஸுக்கும் (விநாடிக்கு 30 அதிர்வு) அதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. "எல்லாம் அதிர்வுதான்" என்று ஒரே வாக்கியத்தில் இரண்டையும் முடிச்சுப் போடுகிற எழுத்துகளைப் பார்த்தால் எனக்குக் கோபம் வரும். அளவு தெரியாமல் அதிர்வு பற்றிப் பேசக் கூடாது.

வியாழன், கப்பல்

கப்பல்தான் இந்தத் துறைக்குக் கிடைத்த சிறந்த கருவி என்று இன்று தோன்றியது.

காரணம் கணக்கில் இருக்கிறது. ஐந்து இதழ் கொண்ட உந்துவிசிறி நிமிடத்துக்கு 120 முறை சுழன்றால், விநாடிக்கு 10 முறை ஓர் இதழ் கப்பலின் அடிவயிற்றைக் கடக்கும். ஒவ்வொரு முறையும் தண்ணீர் ஒரு தள்ளு தள்ளும். 10 ஹெர்ட்ஸ் அதிர்வை மனிதக் காது சத்தமாகக் கேட்பது அரிது. நம் காது கேட்கும் எல்லை 20 ஹெர்ட்ஸ் பக்கம்தான் தொடங்குகிறது. ஆனால் உடம்பு அதை நன்றாக உணரும். அதாவது, காதை விட்டுவிட்டு உடம்பை மட்டும் ஆட்டுகிற அதிர்வு. திங்கட்கிழமை சொன்ன பிரிப்பு வேலையைக் கப்பலே பாதி செய்து கொடுத்துவிடுகிறது.

பின்புறக் கீழ்த்தளத்தில், ஒரு படிக்கட்டின் கைப்பிடியில் போனை வைத்து அந்தப் பகுதியைத் தேடிப் பிடித்தேன். கைப்பிடியைப் பிடித்தால் முழங்கை வரை ஏறுகிற தடதடப்பு, ஆனால் பேசுவது தெளிவாகக் கேட்கிறது. படியில் உட்கார்ந்துகொண்டு அடைப்பான் இல்லாமல் சர்க்கரை ஜோடியைச் சுவைத்தேன். வித்தியாசம் தெரிந்தது. உப்பும் புளிப்பும் வீட்டில் இருந்தபடியே இருந்தன. தங்கையும் பார்த்தாள், அவளுக்கும் அப்படியே. சத்தமில்லாத நடுக்கம் என் இனிப்பைத் தொடவில்லை. ரயிலில் மங்கியதற்குக் காரணம் குலுக்கல் என்று நினைக்க இடம் குறைந்துவிட்டது.

ஆனால் கப்பலுக்கு இன்னோர் ஆட்டம் இருக்கிறது, அதுதான் பிற்பகலில் எங்களைக் கவிழ்த்தது. அலையோடு ஐந்து விநாடிக்கு ஒரு முறை ஏறி இறங்குவது, அதாவது 0.2 ஹெர்ட்ஸ். முழு உடல் அதிர்வுக்கான ஐ.எஸ்.ஓ. 2631 என்ற சர்வதேசத் தரநிலை, பயணக் குமட்டலுக்கு 0.1 முதல் 0.5 ஹெர்ட்ஸ் வரையான பகுதியைத் தனியாக எடுத்துப் பேசுகிறது. செங்குத்தாகக் குலுங்கும்போது உடம்பு அதிகம் கூசுவது 4 முதல் 8 ஹெர்ட்ஸ் வரை. குமட்டலோ அதற்கு வெகு கீழே, ஊஞ்சலை விட மெதுவான ஆட்டத்தில் வருகிறது.

குமட்டல் தொடங்கினால் வாயில் எச்சில் ஊறும். ஊறின எச்சில் எல்லாவற்றையும் நீர்க்கச் செய்யும். சர்க்கரை மட்டுமா, உப்பும் மங்கியது. கருங்காப்பியை வாயருகே கொண்டு போகவே முடியவில்லை. தங்கை மேல்தளத்துக்குப் போய்த் தொடுவானத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். இதிலிருந்து துறைக்கு ஒரு விதி எழுதிக்கொண்டேன்: 1 ஹெர்ட்ஸுக்குக் கீழே நடக்கும் மாற்றங்களை நாக்கின் கணக்கில் எழுதாதே, வயிற்றின் கணக்கில் எழுது.

வெள்ளி, பேருந்து

இந்தப் பயணத்தில் எனக்கு அதிகம் கிடைத்தது இன்றைக்குத்தான். அதனால் கொஞ்சம் நீளும்.

ஆறு சிலிண்டர், நான்கு வீச்சு டீசல் இன்ஜின். ஒரு சுற்றுக்கு மூன்று வெடிப்பு. நின்றுகொண்டு உறுமும்போது நிமிடத்துக்கு 600 சுற்று என்று வைத்தால், விநாடிக்கு 10 சுற்று, 30 வெடிப்பு. ஆக 30 ஹெர்ட்ஸ். இன்ஜின் 1,000 சுற்றுக்கு ஏறினால் 50 ஹெர்ட்ஸ். இந்த 50 ஹெர்ட்ஸ் என்ற எண்ணுக்காகத்தான் பேருந்தையே பயணத்தில் சேர்த்தேன்.

கதை இது. சீனச் சமையலில் போடும் சிச்சுவான் மிளகை மென்றால் உதடும் நாக்கும் கிர்ரென்று கூசும். காரம் என்று சொல்ல முடியாது, மரத்துப்போதல் என்றும் முழுக்கச் சொல்ல முடியாது. 2013இல் லண்டன் யுனிவர்சிட்டி காலேஜில் நொபுஹிரோ ஹகுரா, பாட்ரிக் ஹாகார்ட் குழுவினர் இந்தக் கூச்சத்துக்கு அதிர்வெண் பார்த்தார்கள். உதட்டில் மிளகைத் தடவி, விரல் நுனியில் ஓர் அதிர்வுக் கருவியை வைத்து, "உதட்டின் துடிப்பு வேகமா, விரலின் துடிப்பு வேகமா?" என்று கேட்டார்கள். இரண்டும் சமமாகப் பட்ட இடம் சுமார் 50 ஹெர்ட்ஸ். தொடு உணர்ச்சியில் அந்த அதிர்வெண் பகுதியைக் கவனிக்கிற நரம்பிழைகளை மிளகில் உள்ள சான்ஷூல் என்ற பொருள் தூண்டிவிடுகிறது என்பது அவர்கள் முடிவு. அது சில பொட்டாசியம் வாயில்களை அடைத்து நரம்பைக் கிளப்புகிறது என்று 2008இலேயே ஓர் ஆய்வு காட்டியிருந்தது. பின்னாளில் 2021இல் நோபல் பெற்ற டேவிட் ஜூலியஸ் அந்தக் குழுவில் இருந்தவர். எதுவும் உண்மையில் அசையவில்லை, ஆனால் உதடு 50 ஹெர்ட்ஸில் அதிர்வதாக மூளை நம்புகிறது. அதிர்வுக்குச் சுவை பதில் சொல்வது ஒரு பக்கம் இருக்கட்டும், இங்கே வாயில் போட்ட ஒரு பொருளே அதிர்வாகிவிடுகிறது.

பேருந்து ஒரு நிறுத்தத்தில் இன்ஜினை அணைக்காமல் நின்றது. மிளகின் தோலை ஒரு துளி எண்ணெயில் நசுக்கிக் கீழுதட்டில் தடவிக்கொண்டேன். ஒரு நிமிடத்தில் கூச்சம் வந்தது. அப்புறம் முன் இருக்கையின் இரும்புக் கம்பியை விரல் நுனியால் தொட்டேன். போன் 30க்குப் பக்கத்தில் கூர்முனை காட்டியது. கண்ணை மூடி இரண்டையும் ஒப்பிட்டேன். விரலில் இருப்பது சொரசொரவென்று, ஏறக்குறைய ஒவ்வொரு தட்டாக எண்ணிவிடலாம் போல. உதட்டில் இருப்பது அதைவிட நுணுக்கமான, நெருக்கமான துடிப்பு. சந்தேகமே இல்லை, உதடுதான் வேகம்.

ஓட்டுநர் வந்து உட்கார்ந்து, கிளம்புவதற்கு முன் ஆக்ஸிலேட்டரை மெல்ல அழுத்தினார். கம்பியின் நடுக்கம் ஏறியது. சொரசொரப்பு இழைந்துகொண்டே போய், ஒரு கட்டத்தில் விரலில் இருப்பதும் உதட்டில் இருப்பதும் ஒரே இழையாகிவிட்டன. எது மிளகு, எது இன்ஜின் என்று தெரியவில்லை. "இப்ப எவ்ளோ?" என்று கேட்டேன். தங்கை போனைப் பார்த்து, "நாப்பத்தெட்டு, அம்பது, ஆடுது அக்கா" என்றாள். பிறகு கிளட்ச் விட்டதும் எல்லாம் கலைந்துபோயிற்று. சில விநாடிதான். தாளில் படித்த ஓர் எண்ணை என் உதட்டிலேயே தொட்டுப் பார்த்த மகிழ்ச்சி, சாயங்காலம் வரை போகவில்லை.

இன்னொரு சோதனையும் நின்ற பேருந்தில்தான் செய்தோம், அடுத்த நிறுத்தத்தில், வாயைக் கழுவிய பிறகு. 1991இல் ஜோசஃபின் டோட்ராங்கும் லிண்டா பார்ட்டோஷக்கும் ஒரு சுவை மயக்கத்தை விவரித்தார்கள். சுவைக் கரைசலில் நனைத்த பஞ்சுக் குச்சியை நாக்கின் மேல் இழுத்துக்கொண்டு போனால், சுவை மொட்டுகள் குறைந்த இடத்திலும் சுவை தெரிகிறது. தொடுகை போகிற இடத்துக்குச் சுவையும் போகிறது. சுவை எங்கே இருக்கிறது என்று முடிவு செய்வதில் தொடு உணர்ச்சிக்குப் பெரிய கை இருக்கிறது.

என் கேள்வி: தொடுகைக்குப் பதில் அதிர்வு இருந்தால்? சர்க்கரைக் கரைசலில் நனைத்த பஞ்சுக் குச்சியை நாக்கு நுனியில் வைத்து உதட்டை மூடிக்கொண்டேன். ஒரு மரக் குச்சியின் ஒரு முனையைத் தங்கை அந்த இரும்புக் கம்பியில் அழுத்தி, மறு முனையை என் கீழுதட்டில் வைத்தாள். உதட்டில் சுவை மொட்டு கிடையாது. ஆனாலும் இன்ஜின் ஓடும்போது இனிப்பு நாக்கு நுனியிலிருந்து முன்னே நகர்ந்து, உதட்டின் உள்விளிம்பில் நடுங்கும் இடத்தில் உட்கார்ந்திருப்பது போலவே பட்டது. குச்சியை எடுத்ததும் திரும்ப நாக்குக்கு வந்துவிட்டது. தங்கைக்கும் அப்படியே நடந்தது, நான் முன்கூட்டி எதுவும் சொல்லவில்லை. அதிர்வு சுவையின் அளவைக் கூட்டவுமில்லை குறைக்கவுமில்லை, இடத்தை மாற்றியது. அதிர்சுவையியலுக்கு ஒரு முதல் அத்தியாயம் வேண்டுமென்றால் நான் இதைத்தான் எழுதுவேன்.

ஓடும் பேருந்தில் இவற்றைச் செய்ய வேண்டாம். குச்சி தொண்டையில் குத்திவிடும்.

சனி, விமானம்

கைப்பையில் 100 மில்லிக்கு மேல் திரவம் கூடாது என்பதால் எல்லாம் சின்னப் புட்டிக்கு மாறின.

விமானம்தான் இந்த விஷயத்தில் அதிகம் ஆராயப்பட்ட இடம். ஜெர்மனியின் ஃபிரான்ஹோஃபர் நிறுவனம், ஒரு பழைய விமான உடற்பகுதியை அழுத்தக் குறைப்பு அறைக்குள் வைத்து, தரையிலேயே பறக்கும் சூழலை உண்டாக்கிச் சாப்பிட வைத்துப் பார்த்தது. குறைந்த அழுத்தத்தில் உப்பும் சர்க்கரையும் தெரிய அதிக அளவு தேவைப்பட்டது. பறக்கும்போது கேபினுக்குள் 6,000 முதல் 8,000 அடி உயர மலைமேல் இருக்கும் அழுத்தம்தான் இருக்கும். ஈரப்பதமும் பெரும்பாலும் 20 சதவீதத்துக்குக் கீழே. மூக்கு உலர்ந்தால் மணம் குறையும், மணம் குறைந்தால் சாப்பாடே பாதி போய்விடும்.

2015இல் கார்னெல் பல்கலைக்கழகத்தின் கிம்பர்லி யானும் ராபின் டாண்டோவும் அழுத்தத்தையும் வறட்சியையும் விட்டுவிட்டு, இரைச்சலை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். விமானக் கேபின் இரைச்சலை 85 டெசிபலில் ஹெட்போனில் போட்டு ஐந்து சுவைகளையும் கொடுத்தார்கள். இனிப்பு குறைந்தது. உமாமி கூடியது. உப்பு, புளிப்பு, கசப்பு மூன்றும் பெரிதாக மாறவில்லை. விமானத்தில் தக்காளிச் சாறு கேட்பவர்கள் ஏன் அதிகம் என்பதற்கு இது ஒரு பதில், தக்காளியில் உமாமி நிறைய. புதன்கிழமை சொன்ன கார்டா டிம்பானி நரம்பை அவர்களும் சுட்டுகிறார்கள்.

எனக்கு மேலே நடந்தது அவர்கள் சொன்னதற்கு ஒத்துப்போனது. சர்க்கரை ஜோடி ஒன்றாகவே தெரிந்தது. உமாமித் தண்ணீர் வீட்டில் இருந்ததை விட நிறைவாக, நாக்கின் பின்பக்கம் வரை விரிந்தது. அடைப்பான் வைத்ததும் சர்க்கரை வித்தியாசம் ஓரளவு திரும்பியது, முழுக்கத் திரும்பவில்லை. மிச்சத்தை அழுத்தத்துக்கும் வறட்சிக்கும் விட்டுவிடுகிறேன். நெற்றியை ஜன்னல் சட்டத்தில் சாய்த்து நடுக்கத்தைத் தலைக்குள் விட்டுப் பார்த்தேன். கப்பலில் போலவே, சர்க்கரை விஷயத்தில் கூடுதலாக எதுவும் மாறவில்லை. அளவு விஷயத்தில் காது, இடம் விஷயத்தில் அதிர்வு என்று இரண்டும் வேலையைப் பங்கு போட்டுக்கொண்டிருப்பதாக எனக்குப் படுகிறது.

தரையிறங்கிக் கதவு திறக்கக் காத்திருந்தபோது இன்ஜின் அணைந்தது. உடனே தங்கை இரண்டு மூடியை நீட்டினாள். எது 20, எது 25 என்று சரியாகச் சொன்னேன்.

ஞாயிறு, ஓய்வு

கால் நீட்டி உட்கார்ந்து, அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று எழுதிக்கொண்டிருக்கிறேன்.

சுருதிக்கும் சுவைக்கும் உள்ள உறவை இந்தப் பயணத்தில் தொடவே இல்லை. 1968இல் டென்மார்க்கின் கிறிஸ்டியன் ஹோல்ட்-ஹான்சன், பீரைச் சுவைத்துக்கொண்டே அதற்குப் பொருந்துகிற சுருதியைத் தேடச் சொன்னார். சாதாரண பீருக்கு 510 முதல் 520 ஹெர்ட்ஸ், அதைவிட ஆல்கஹால் கூடிய ரகத்துக்கு 640 முதல் 670 ஹெர்ட்ஸ் என்று வந்தது. 2012இல் ஆன்-சில்வி கிரிசினெல், ஸ்பென்ஸ் குழுவினர் ஒரே மிட்டாயை இரண்டு விதமான ஒலியோடு கொடுத்தார்கள். தாழ்ந்த ஒலியில் அது கசப்புப் பக்கம் சாய்ந்தது, உயர்ந்த ஒலியில் இனிப்புப் பக்கம். இவையெல்லாம் காதால் கேட்ட சுருதி. அதே சுருதியைக் காதுக்குக் கொடுக்காமல் தாடைக்கோ உதட்டுக்கோ நேரடியாகக் கொடுத்தால் அந்தச் சாய்வு மிஞ்சுமா என்பதுதான் எனக்கு வேண்டும்.

அதற்குக் கருவி கைவசம் இருக்கிறது. சில மின் பல்துலக்கிகள் நிமிடத்துக்கு 31,000 அசைவு என்று போட்டிருப்பார்கள், இரண்டு அசைவு ஒரு சுற்று என்றால் சுமார் 260 ஹெர்ட்ஸ். தலைப்பகுதியின் முதுகைக் கன்னத்தில் வெளியே வைத்தால் போதும். பற்பசை மட்டும் அன்று கூடாது. அதில் நுரைக்காகச் சேர்க்கும் சோடியம் லாரில் சல்ஃபேட் இனிப்பை அடக்கிக் கசப்பைத் தூக்கிவிடும், சோதனையே கெட்டுப்போகும். காதுக்கு 85 டெசிபல் வேண்டாம், மழைச் சத்தம் போல ஏதாவது ஒன்றை மிதமாக ஓடவிட்டுத் துலக்கியின் ரீங்காரத்தை மறைத்துக்கொள்ளலாம். கன்னத்தில் ஒரு முறை, கீழுதட்டுக்கு அடியில் ஒரு முறை, துலக்கி ஓடும்போதும் நிற்கும்போதும். ஊற்றுபவர் ஒருவர், சுவைப்பவர் ஒருவர், புட்டியின் பெயர் ஊற்றுபவருக்கு மட்டும்.

செய்து பார்ப்பவர்கள் இனிப்பு கூடியதா குறைந்ததா என்பதோடு, வாயின் எந்த இடத்தில் தெரிந்தது என்பதையும் குறித்து அனுப்புங்கள். ஒரு நாக்குப் படம் வரைந்து அதில் புள்ளி வைத்தால் இன்னும் நல்லது. வீட்டுக்குத் திரும்பும் ரயிலில் நாங்கள் அதைத்தான் செய்யப் போகிறோம், மேல் படுக்கையில் ஒன்று, ஜன்னலோர இருக்கையில் ஒன்று.